எங்கள் தொகுதியின் கடைசித் தேர்தல்

வாசிகசாலை ஆண்டு நிறைவுக்கு ஒரு மலர் போடப்போகிறோம், அதற்கு எங்கள் தொகுதியின் வரலாற்றை எழுதித் தாருங்கள் என்று செயற்குழுவில் கேட்டபோது நான் மறுக்கவில்லை. மறுக்கிற ஆளும் இல்லை. ஓய்வு பெறும்வரை பள்ளிக்கூடத்தில் வரலாறு படிப்பித்தவள். ஆசிரியை என்பதால் தேர்தல் கடமைக்கும் அடிக்கடி போய்வந்தவள். போதாக்குறைக்கு வாயும் கொஞ்சம் நீளம். இப்படி ஒருத்தி ஊரில் சும்மா இருந்தால் எழுத்து வேலை வேறு யாரிடம் போகும்?

தொகுதி என்று நான் சொல்வது இப்போது இல்லாத ஒன்றை. வெள்ளைக்காரன் நாட்டைக் கையளித்துவிட்டுப் போகிற அவசரத்தில் யாழ்ப்பாணத்து வலிகாமத்தைக் கூறு போட்டுக் கோடு கீறினான். இந்தக் கோட்டுக்குள் இருக்கிற சனத்துக்குப் பாராளுமன்றத்தில் ஒரு ஆள் என்று வைத்துவிட்டுப் போனான். அதற்கும் முந்திய காலத்தில் சின்னம் எதுவும் இல்லை, ஒவ்வொரு வேட்பாளருக்கும் ஒரு நிறத்தில் பெட்டி என்று அப்பா சொல்லக் கேட்டிருக்கிறேன். பிறகு சின்னம் வந்தது, மேடை வந்தது, ஒலிபெருக்கி கட்டிய கார் வந்தது. அண்ணன் தம்பி ஆளுக்கொரு கட்சியில் நின்று வேலியை உயர்த்திக் கட்டினார்கள். எல்லாம் நடந்து முடிந்த பிறகு புதிய அரசியலமைப்பு வந்தது. மாவட்டம் முழுவதற்கும் ஒரே பட்டியல், விருப்பு வாக்கு என்றார்கள். தொகுதி அத்தோடு செத்தது. இப்போது தேர்தல் முடிவை வானொலியில் வாசிக்கிறபோது மட்டும் அதன் பெயரைச் சொல்லுவார்கள். றோட்டுக்குத் தார் போடவில்லையென்றால் வாசலில் போய் நின்று ஏசுவதற்கு எங்களுக்கென்று ஒரு மனிதர் இல்லை.

இதையெல்லாம் எழுதினேன். வரலாறு என்றால் கொஞ்சம் உப்புப் புளியும் வேண்டும் என்று கள்ளவோட்டைப் பற்றியும் ஒரு பக்கம் எழுதினேன். யாழ்ப்பாணத்தில் கள்ளவோட்டுக் கதைக்கு எவரும் வெட்கப்பட்டு நான் கண்டதில்லை. கலியாண வீட்டுப் பந்தலில் சிரித்துச் சிரித்துச் சொல்லுகிற கதை அது. செத்தவர்கள் வந்து போட்டார்கள், கொழும்பில் உத்தியோகம் பார்த்தவர்கள் அங்கே இருந்தபடியே இங்கேயும் வந்து போட்டார்கள் என்று எழுதினேன். குறிச்சிச் சனத்தின் வாக்காளர் அட்டைகளை முதல்நாளே பெரிய வீடுகளில் சேர்த்து வைத்து, வாக்களிப்பு நாளில் காரில் ஏற்றும்போதுதான் திருப்பிக் கொடுக்கிற வழக்கம் இருந்தது என்றும் எழுதினேன். பெரிய வீடு என்றால் எங்கள் வீடு. அதை எழுதவில்லை. குறிச்சி என்றால் எங்கள் தோட்டங்களில் வேலை செய்த, எங்கள் கிணற்றில் நாங்கள் தண்ணீர் அள்ள விடாத சனம் இருந்த இடம். அதையும் எழுதவில்லை.

செயற்குழுவில் வாசித்துக் காட்டினேன். அந்தப் பக்கம் வந்தபோது எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சிரிக்காதவர் ஒருவர்தான். அவர் ஓய்வுபெற்ற மருத்துவிச்சி, என் வயதுக்காரி, குறிச்சியில் பிறந்து வளர்ந்து படித்து அரசாங்க உத்தியோகத்துக்குப் போன முதல் பெண். ஊரில் பாதிப் பிள்ளைகளை முதலில் கையில் ஏந்தியவர் அவர். சிரிப்பு வராத ஆளும் இல்லை. அன்று மட்டும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார்.

அடுத்த நாள் காலை அவர் என் வீட்டுக்கு வந்தார். தேத்தண்ணீர் ஊற்றிக் கொடுத்தேன். குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு கேட்டார்.

"ரீச்சர், உந்தக் கள்ளவோட்டுக் கதையை எடுத்துவிடுவியளோ?"

"ஏன், பிழையா ஏதும் எழுதிப்போட்டனோ?"

"பிழை இல்லை. நடந்ததுதான். அதுதான் எடுக்கச் சொல்லுறன்."

பிறகு சொன்னார். தொகுதியின் கடைசித் தேர்தல் அது. குறிச்சியில் எல்லோரும் வழக்கம்போல அட்டையைக் கொடுத்துவிட்டார்கள். அவருடைய அம்மா மட்டும் கொடுக்கவில்லை.

"என்ரை வோட்டை நானே கொண்டுபோய்ப் போடுறன் எண்டு சொல்லிப்போட்டா. எங்களுக்குப் பயம். அவவுக்கு அண்டைக்கு எங்கையிருந்து அந்தத் துணிவு வந்ததோ தெரியேல்லை. பின்னேரம் தனியாப் போனா. போய் வரிசையிலை நிண்டு உள்ளுக்கை போனா, உங்கடை வோட்டு விழுந்திட்டுது எண்டு சொல்லிப்போட்டினம்."

"ஆர் போட்டதாம்?" என்று கேட்டேன். இந்தக் கேள்வியை நான் கேட்டேன் என்பதை இங்கே எழுதும்போதுகூட எனக்குக் கூசுகிறது.

"வாழைப்பூ நிறச் சீலை கட்டின ஒரு பெம்பிளை வந்து போட்டிட்டுப் போனதெண்டு வெளியிலை நிண்ட ஒரு மனிசி சொன்னதாம். ஒரு கிழமை கழிய எங்கடை சின்னம்மா அந்தச் சீலையைக் கட்டிக்கொண்டு எங்கடை முத்தத்திலை வந்து நிக்கிறா."

சின்னம்மா என்றால் அவருடைய அம்மாவின் தங்கை. அந்த நாளில் எங்கள் வீட்டுக்கு முற்றம் கூட்ட வந்தவர்.

"உங்கடை வீட்டிலை குடுத்த சீலை எண்டு சின்னம்மா சொன்னா. அதோடை அம்மாவுக்கு எல்லாம் விளங்கியிட்டுது. குடுத்த வேலையைச் செய்ததுக்குக் குடுத்த சீலை. ரீச்சர், உங்கடை ஆக்களை நான் குறை சொல்ல வரேல்லை. பெரியவர் அந்தக் காலத்து மனிசன். ஆனா சொந்தத் தங்கச்சி அதைச் செய்தா எண்டதைத்தான் அம்மாவாலை தாங்கேலாமப் போச்சு. அண்டையிலை இருந்து ரெண்டு வீடும் பேச்சுவார்த்தை இல்லை. நல்லது கெட்டது ஒண்டுக்கும் போறேல்லை. பிறகு சண்டையிலை ஊரோடை இடம்பெயர்ந்து தென்மராட்சியிலை ஒரு பள்ளிக்கூடத்திலை இருந்தம். அம்மாவுக்குக் காய்ச்சல். பக்கத்து வகுப்பறையிலை சின்னம்மா. பாக்க வந்தா. விடேல்லை. அம்மா அங்கைதான் செத்தவ."

தேத்தண்ணீரை அப்போதுதான் ஒரு மிடறு குடித்தார்.

"சின்னம்மா இப்பவும் இருக்கிறா. பேரப்பிள்ளையள் படிச்சு நல்லா இருக்குதுகள். நீங்கள் இதைப் புத்தகத்திலை போட்டா, ஆர் போட்டது எண்டு குறிச்சிக்குள்ளை திரும்பக் கதை கிளம்பும். செய்தது பிழைதான். ஆனா இந்த வயதிலை அந்த மனிசிக்கு இது வேண்டாம், ரீச்சர்."

"எடுத்துவிடுறன்" என்றேன்.

அவ்வளவுதான் சொன்னேன். அவர் நன்றி சொல்லிவிட்டுப் படலையைச் சாத்திக்கொண்டு போனார். நான் தேத்தண்ணீர்ப் பேணியைக் கழுவி வைத்தேன். பிறகு குசினியில் அடுப்புக்கு முன்னால் கிடந்த மரவாங்கிலில் இருந்துவிட்டேன்.

அந்தச் சேலையைக் கட்டிக்கொண்டு போனவள் நான்.

எனக்கு அப்போது பத்தொன்பது வயது. விடுதியில் தங்கிப் படித்தவள், லீவுக்கு வந்து நின்றேன். எங்கள் வீட்டு விறாந்தை முழுக்க ஆட்கள், கொடிகள், நோட்டீசுக் கட்டுகள். என் முதல் வோட்டைக் காலையிலேயே முறையாகப் போட்டுவிட்டு வந்து, பெரிய மனுசி ஆகிவிட்ட எண்ணத்தில் திரிந்தேன். அப்பா வாக்காளர் பட்டியலை மடியில் வைத்து, சிவப்புப் பென்சிலால் ஒவ்வொரு பெயராகக் கீறிக்கொண்டிருந்தார். ஒரு பெயரில் பென்சில் நின்றது.

"இவள் ஒருத்திதான் வோட்டுக் காட் தரேல்லை" என்றார்.

ஒரு ஆளின் வோட்டில் வெற்றி தோல்வி போகிற தேர்தல் இல்லை அது. எங்கள் பக்கம் வெல்லப்போவது கொடி பிடித்த சின்னப் பிள்ளைக்கும் தெரியும். பக்கத்தில் நின்றவர் ஒருவர் அதையே சொன்னார். அப்பா பட்டியலில் இருந்து கண்ணை எடுக்கவில்லை.

"இண்டைக்குக் காட் தரமாட்டன் எண்டுறவள் நாளைக்கு எங்கடை கிணத்திலை வந்து அள்ளுவள். காட்டைத் தராட்டில் என்ன, இலக்கம் என்னட்டை இருக்கு. ஆர் போறியள்?"

"நான் போறன் அப்பா" என்று எழும்பியவள் நான்தான். யாரும் என்னைப் பிடித்துத் தள்ளவில்லை. அதைச் சொல்லிவிட வேண்டும். வேடிக்கையாக இருந்தது. அப்பா என்னைப் பார்த்துச் சிரித்தார், அந்தச் சிரிப்புக்காக நான் இன்னும் பத்து வோட்டுப் போட்டிருப்பேன். அம்மா பெட்டிக்குள் இருந்து தன் பழைய சேலை ஒன்றை எடுத்துத் தந்தார். வாழைப்பூ நிறம். காலையில் பூசிய மையைத் தேய்த்துத் தேய்த்துப் போக்கினார்கள். விடுதிப் பிள்ளையான என்னைக் குறிச்சிப் பக்கத்து வாக்குச்சாவடியில் தெரிந்தவர்கள் குறைவு. தலைப்பை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டு மத்தியான வெயிலில் போனேன்.

உள்ளே இருந்த அதிகாரி அந்தப் பெண்ணின் பெயரை உரத்து வாசித்தார். நான் "ஓம்" என்றேன். முகவர்கள் எல்லோரும் அப்பாவுக்கு வேண்டியவர்கள், குனிந்து பட்டியலைப் பார்த்தார்கள். என்னைவிட இரட்டிப்பு வயதுக்காரி அவர். நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோதே அவரை "நீ, வா, போ" என்றுதான் கூப்பிடுவேன், எங்கள் வீட்டில் அப்படித்தான் பழக்கினார்கள். அவருடைய பெயரை அவருக்காகச் சொல்லி, அவருடைய சீட்டை வாங்கி, அப்பா சொன்ன சின்னத்துக்கு நேரே புள்ளடி போட்டேன். வீட்டுக்கு வந்ததும் அப்பா "கெட்டிக்காரி" என்றார். எல்லோரும் சேர்ந்து சாப்பிட்டோம். நன்றாகச் சாப்பிட்டேன்.

மாலையில் அம்மா அந்தச் சேலையை முற்றம் கூட்ட வந்த பெண்ணுக்குக் கொடுத்ததை நான் கண்டேன். பழைய துணி கொடுப்பது எங்கள் வீட்டில் புதிதல்ல. வேலியில் துணி காய்வதைப் பார்ப்பதுபோலப் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டேன். அந்தச் சேலை போய் ஒரு குடும்பத்தை இரண்டாக வெட்டும் என்று யாருக்குத் தெரியும்? தெரிந்தாலும் வாயைத் திறந்திருப்பேனா என்று இப்போது கேட்டால் என்னால் ஓம் என்று சொல்ல முடியவில்லை.

பல வருஷங்களுக்குப் பிறகு தேர்தல் கடமைக்கான வகுப்பு ஒன்றில் இருந்தேன். ஒருவருடைய வோட்டை வேறு ஆள் போட்டுவிட்டால், உரியவர் வந்து கேட்கும்போது அவரைத் திருப்பி அனுப்பக்கூடாது, அவருக்கு இன்னொரு சீட்டுக் கொடுத்து அதைத் தனி உறையில் வைக்கவேண்டும் என்று சொல்லித் தந்தார்கள். அப்படியென்றால் அன்று அந்தப் பெண்ணுக்கும் ஒரு சீட்டுக் கொடுத்திருக்க வேண்டும். அவருக்கு அது தெரியாது. தெரிந்தவர்கள் சொல்லவில்லை. இரண்டு நாள் அதையே நினைத்துக்கொண்டு திரிந்தேன். பிறகு மகளுக்குச் சின்னமுத்து அம்மை வந்தது, மறந்துபோனேன். மனுசர் மறப்பதற்குப் பெரிய காரணமெல்லாம் தேவையில்லை.

கனடாவில் இருக்கிற தம்பியோடு கதைத்தேன். வேறு யாரோடு கதைப்பது?

"அக்கா, அவவே வந்து எடுக்கச் சொல்லுறா. நீங்களும் ஓம் எண்டிட்டியள். பிறகென்ன? ஆரும் உங்களைக் கேட்டவையே?"

"அந்த மனிசி செய்யாததை அதின்ரை தலையிலை போட்டு வைச்சிருக்கினம், தம்பி."

"வைச்சது நாங்கள் இல்லையே. செத்துப்போன அப்பாவின்ரை பேரை இப்ப ஏன் நாறடிக்கிறியள்?"

"உனக்கென்ன, பனிக்குள்ளை இருந்துகொண்டு பேரைப் பற்றிக் கதைக்கலாம். நான் நாளைக்குச் சந்தையிலை அவையளின்ரை முகத்திலை முழிக்கவேணும்" என்று சொல்லித் தொலைபேசியை வைத்தேன்.

சொன்னதில் வீரம் இருந்தது, செயலில் இல்லை. நாலைந்து நாள் வீட்டைவிட்டு வெளிக்கிடவில்லை. கட்டுரையில் அந்தப் பக்கத்தைக் கிழித்தெடுத்தேன், பிறகு எடுத்து ஒட்டினேன். அப்பா மீது கோபம் வந்தது. சேலையைக் கொடுத்த அம்மா மீது கோபம் வந்தது. அது தீர்ந்த பிறகு கோபப்பட மிச்சம் நான் ஒருத்திதான் இருந்தேன். தம்பி சொன்னது சரி, என்னை யாரும் கேட்கவில்லை. ஐம்பது வருஷத்துக்குக் கிட்ட யாரும் என்னைக் கேட்கவேயில்லை. எங்கள் வீட்டாரை எவரும் எதையும் கேட்பதில்லை. சின்னம்மாவைக் கேட்டார்கள்.

ஆறாம் நாள் காலை மருத்துவிச்சி வீட்டுக்குப் போனேன். அவர் முற்றத்தில் பாய் விரித்துச் செத்தல் மிளகாய் காயவைத்துக்கொண்டிருந்தார். "வாங்கோ ரீச்சர், இருங்கோ" என்று கதிரையைக் காட்டினார். நான் இருக்கவில்லை. இருந்தால் வேறு கதை கதைத்துவிட்டு வந்துவிடுவேன் என்று எனக்கே என்மேல் நம்பிக்கை இல்லை.

"அந்தச் சீலை கட்டிக்கொண்டு போனது சின்னம்மா இல்லை. நான்."

அவர் குனிந்தபடியே மிளகாயைப் பரவிக்கொண்டிருந்தார். கை மட்டும் மெதுவாகியது.

"அண்டைக்கு எங்கடை அம்மா எனக்குத் தந்த சீலை அது. நான் கட்டிக்கொண்டு போய் உங்கடை அம்மாவின்ரை வோட்டைப் போட்டனான். வந்து கழட்டிப் போட்டன். அதைத்தான் சின்னம்மாவுக்குக் குடுத்தது. அவவுக்கு ஒண்டும் தெரியாது."

அவர் நிமிர்ந்தார். கோபத்தில் கத்துவார் என்று நினைத்தேன். கத்தியிருந்தால் எனக்கு எவ்வளவோ வசதியாக இருந்திருக்கும்.

"அண்டைக்கு நான் உங்கடை வீட்டிலை இருந்து இவ்வளவும் சொல்லேக்கை, நீங்கள் எனக்குத் தேத்தண்ணி ஊத்தித் தந்தனீங்கள்" என்றார்.

"ஓம்."

"ஆர் போட்டதாம் எண்டு என்னட்டைக் கேட்டனீங்கள்."

"ஓம். கேட்டனான்."

அவர் பாயின் ஓரத்தில் இருந்துவிட்டார். மிளகாய் பட்ட கையால் கண்ணைத் துடைக்கப் போய், நினைவு வந்து, முழங்கையால் துடைத்தார்.

"பள்ளிக்கூடத்திலை சின்னம்மா கஞ்சி கொண்டு வந்தவ. அம்மாவுக்கு நினைவு இருக்கேக்கையே வந்தவ. கதவைச் சாத்தினது நான், ரீச்சர். அம்மா இல்லை. நான்தான் சாத்தினனான்."

மன்னித்துக்கொள்ளுங்கள் என்று ஏதோ தொடங்கினேன். மலரில் என் பெயர் போட்டு எல்லாவற்றையும் எழுதுகிறேன் என்றும் சொன்னேன்.

"மலரை விடுங்கோ. என்னட்டைச் சொல்லி என்ன பிரயோசனம்? வாங்கோ, அவவிட்டைச் சொல்லுங்கோ. இப்பவே" என்று எழும்பிக் கையைக் கழுவினார்.

நாலு வேலி தள்ளித்தான் வீடு. நடந்தே போனோம். படலையடியில் அவர் நின்றுவிட்டார். அந்தப் படலையைத் திறந்து அவர் எவ்வளவு காலம் என்று எனக்குத் தெரியும், ஆகவே நான் திறந்தேன்.

சின்னம்மா பிளாஸ்டிக் கதிரையில் இருந்து முருங்கையிலை ஆய்ந்துகொண்டிருந்தார். மெலிந்து சின்னதாகிப்போன உடம்பு. என்னை அடையாளம் தெரியவில்லை. எனக்குப் பின்னால் வந்தவரைத்தான் முதலில் பார்த்தார்.

"ஆர், அக்காவின்ரை பெட்டையோ?"

"ஓம் சின்னம்மா."

அவர் சுளகை மடியில் இருந்து இறக்கி வைத்தார். வா என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. நான் இன்னாரின் மகள் என்று சொல்லி, அவருக்கு முன்னால் நிலத்தில் இருந்தேன். "ஐயோ, கதிரையிலை இருங்கோ பிள்ளை" என்று பதறினார். "இல்லையம்மா, இருக்கட்டும்" என்றேன். குறிச்சியில் ஒருவரை அம்மா என்று நான் கூப்பிட்டது அதுதான் முதல்தரம். முன்பு மருத்துவிச்சியிடம் சொன்னதையெல்லாம் திரும்பவும் சொன்னேன். இரண்டாம் முறை சொல்வது இலகுவாக இருக்கும் என்று நினைத்தேன், இருக்கவில்லை.

நான் முடித்ததும் அவர் மடியில் ஒட்டியிருந்த முருங்கையிலையைத் தட்டிவிட்டார்.

"உங்கடை கொம்மா தந்த சீலை எண்டு அண்டைக்கே சொன்னனான்" என்றார் பிறகு. "கற்பூரம் கொளுத்திச் சத்தியம் பண்ணெண்டு அக்கா சொன்னா. நான் பண்ணேல்லை. கூடப் பிறந்தவளுக்குக் கற்பூரம் கொளுத்திக் காட்டவேணுமோ எண்டு எனக்குக் கோவம். பண்ணியிருக்கலாம். ஒரு கட்டிக் கற்பூரம்தானே."

மருத்துவிச்சி தூணைப் பிடித்துக்கொண்டு நின்று அழுதார். சின்னம்மா அவரைக் கிட்டக் கூப்பிட்டுக் கையைப் பிடித்து வைத்துக்கொண்டார். பிறகு என் பக்கம் திரும்பி, சாதாரணமாக ஒரு விஷயம் விசாரிப்பதைப்போலக் கேட்டார்.

"எந்தச் சின்னத்துக்குப் பிள்ளை போட்டனீங்கள்?"

சொன்னேன்.

அவருடைய முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. தலையை மட்டும் மெல்ல ஆட்டினார்.

"அக்காவும் அதுக்குத்தான் போட இருந்தவ. முதல்நாளே எனக்குச் சொன்னவ. அண்டைக்கும் உங்கடை கொப்பர் தோட்டத்திலை வெங்காயம் கிண்ட விட்டவர். கிண்டி முடிச்சு, குளிச்சு, நல்ல சீலை கட்டிக்கொண்டு போகப் பின்னேரமாப் போச்சு."

அக்காவின் மகளுடைய கையை அவர் விடவில்லை.

"இனி இதை அக்காவுக்கு ஆர் போய்ச் சொல்லுறது?" என்றார்.